பட்டமும் பெயரும்: புதுக்கோட்டைக் கல்வெட்டுகளில் ஆளைச் சுட்டும் முறை

புதுக்கோட்டை மாவட்டக் கல்வெட்டுகளை ஆராய்ந்தவர்கள் பெரும்பாலும் அவை தரும் செய்திகளையே தேடினார்கள். எந்த அரசன், எந்த ஆண்டு, எவ்வளவு நிலம், யாருடைய கொடை என்பவை அவர்களுடைய கேள்விகள். அந்தச் செய்தியைச் சொல்வதற்கு முன் கல்வெட்டு முடிக்க வேண்டிய வேலை ஒன்று உண்டு: தான் பேசும் ஆள் இன்னார் என்று, எதிரே இல்லாத ஒருவருக்கு, என்றோ பிறக்கப்போகும் ஒருவருக்கும்கூட, விளங்கும்படி சுட்டிக் காட்டுவது. அந்த வேலையை இங்குள்ள கல்வெட்டுகள் எப்படிச் செய்தன, அந்த முறை காலப்போக்கில் எப்படி மாறியது என்பதே இக்கட்டுரையின் பொருள். ஆளை ஐயமில்லாமல் காட்டுவதற்காகச் சேர்க்கப்பட்ட பட்டங்களே பிற்காலத்தில் ஆளை மறைத்தன என்பதும், தந்தை பெயரும் ஊர்ப் பெயரும் ஓரளவுக்கேனும் ஆளைக் காப்பாற்றித் தந்தன என்பதும் என் முடிபு. இந்த வட்டாரத்து வரலாற்றில் இன்றும் தீராத சில சர்ச்சைகள், பட்டத்தைப் பெயராகப் படித்ததால் வந்தவை.

மேலைநாட்டு மெய்யியலின் அளவுகோலை நம் பாறைகள்மீது வைத்துப் பார்ப்பது பொருந்துமா என்று ஒருவர் கேட்கலாம். ஒரே ஆளைக் குறிக்கும் இரு பெயர்கள் வெவ்வேறு பொருளோடு நிற்க முடியும் என்று ஃப்ரேகே எழுதியது 1892இல். பெயர் என்பது மறைந்து நிற்கும் வருணனையே என்று ரஸ்ஸல் 1905இல் வாதிட்டார். பெயர் வருணனையால் நிற்பதில்லை, அது இட்ட நாளிலிருந்து வாய்வழியாகக் கைமாறி வரும் தொடர்ச்சியால் நிற்கிறது என்று கிரிப்கி 1970இல் ஆற்றிய உரைகளில் மறுத்தார். இந்தக் கேள்விகள் தமிழுக்கு வெளியிலிருந்து வந்தவை அல்ல. தொல்காப்பியச் சொல்லதிகாரத்தின் கிளவியாக்கமே இவற்றை எடுத்துக்கொள்கிறது. இயற்பெயரும் சுட்டுப்பெயரும் ஒருவரையே குறித்து வந்தால் சுட்டுப்பெயர் முந்தக் கூடாது என்கிறது. செய்யுளுக்கு மட்டும் விலக்குத் தருகிறது. சிறப்புப் பெயரும் இயற்பெயரும் சேர்ந்து வந்தால் சிறப்புப் பெயரே முன்னால் நிற்க வேண்டும் என்கிறது. ஒரே பொருளைக் குறித்த பல பெயர்களுக்குத் தனித்தனி வினை கொடுத்தால் அவை ஒருவரைக் குறிப்பதாக ஒட்டி நிற்காது என்றும் எச்சரிக்கிறது. இந்த நூற்பாவுக்கு உரைகாரர்கள் காட்டும் எடுத்துக்காட்டில் தொழில், ஊர், குடி என்று பெயர் அடுக்கிக்கொண்டே போய்க் கடைசியில் சாத்தன் என்ற ஒற்றை ஆளும் ஒற்றை வினையும் வரும். கல்வெட்டு படித்துப் பழகியவருக்கு அந்த வாக்கியம் புதிதாகவே இருக்காது.

சித்தன்னவாசல் ஏழடிப்பட்டத்துத் தமிழ்ப் பிராமிக் கல்வெட்டிலிருந்து தொடங்கலாம். ஐராவதம் மகாதேவன் இதைக் கி.மு. முதல் நூற்றாண்டில் வைக்கிறார். சில எழுத்துகளின் வாசிப்பில் அறிஞர்களிடையே வேறுபாடு உண்டு. அமைப்பு மட்டும் தெளிவானது. எருமிநாட்டுக் குமுழூரில் பிறந்த ஒருவருக்கு, வேறோர் ஊரைச் சேர்ந்த இளயர் செய்து கொடுத்த இருக்கை இது என்பது அதன் கருத்து. இருக்கையைப் பெற்றவருக்கு நாடு, ஊர், பிறப்பு என்று மூன்று அடைகள். செய்தவருக்கு ஊர் மட்டும். இந்த ஏற்றத்தாழ்வுக்குக் காரணம் இருக்கிறது. பெற்றவர் தொலைவிலிருந்து வந்தவர். எருமிநாட்டை இன்றைய மைசூர்ப் பகுதியாகக் கொள்வோர் உண்டு. அக்கம்பக்கத்தாருக்கு அவரை வெறும் பெயரால் தெரிந்திருக்காது. அறிமுகம் குறையக் குறைய அடைமொழி நீளுகிறது. 'இளயர்' என்பது ஒருவரின் இயற்பெயரா, இளையோர் என்ற பொதுச்சொல்லா என்ற ஐயமும் இங்கே எழலாம். செதுக்கியவருக்கு அந்த ஐயம் வந்திருக்காது, அவருக்கு ஆளைத் தெரியும். இக்கல்வெட்டில் பட்டம் எதுவும் இல்லை என்பதைக் குறித்துக்கொள்ள வேண்டும். பிறந்த ஊர் மாறாதது, கைமாறாதது.

ஏறத்தாழத் தொள்ளாயிரம் ஆண்டு கழித்து, 9ஆம் நூற்றாண்டில், முத்தரையர் கல்வெட்டுகளுக்கு வந்தால் நிலைமை வேறு. கீரனூருக்குக் கிழக்கே மலையடிப்பட்டியில் பல்லவ மன்னன் தந்திவர்மனின் 16ஆம் ஆட்சியாண்டில் திருவாலத்தூர் மலையைக் குடைந்து சிவன் கோயில் எடுத்தவன் குவாவன் சாத்தன். அவனுக்கு விடேல்விடுகு முத்தரையன் என்று இன்னொரு பெயர். நார்த்தாமலையில் பழியிலி ஈசுவரம் என்னும் குடைவரையைச் செய்தவன் விடேல்விடுகு முத்தரையன் மகன் சாத்தன் பழியிலி. அங்குள்ள கல்வெட்டு நிருபதுங்கவர்மனின் 7ஆம் ஆண்டுக்குரியது. அவன் மகள் பழியிலி சிறியநங்கை அதே கோயிலுக்கு முகமண்டபமும் இடபமும் இடபக் கொட்டிலும் பலிபீடமும் செய்து கொடுத்தாள். அவள் மீனவன் தமிழதியரையன் ஆன மல்லன் அனந்தனின் மனைவி.

இந்த இரண்டு கல்வெட்டுகளையும் அருகருகே வைத்தால் முறை புலப்படும். முன்னால் நிற்பது தந்தை பெயர், பின்னால் நிற்பது சொந்தப் பெயர். குவாவன் மகன் சாத்தன், சாத்தன் மகன் பழியிலி, பழியிலி மகள் சிறியநங்கை. ஒவ்வொரு கண்ணியும் அடுத்ததன் பாதியைத் தன்னிடம் வைத்திருக்கிறது. நான்கு தலைமுறையை நாம் இரண்டு ஊர்ப் பாறைகளிலிருந்து தொடுத்துவிட முடிகிறது. சாத்தன் மகன் கொற்றனைச் சாத்தங்கொற்றன் என்று புணர்த்துச் சொல்வதற்கு எழுத்ததிகாரமே விதி வகுத்திருப்பதால், வழக்கு கல்வெட்டுக்கு முந்தியது என்பதில் ஐயமில்லை. இலக்கண உரைகளில் யாரோ ஒருவனுக்கு நிற்கும் சாத்தன், மலையடிப்பட்டியில் கோயில் குடைந்த ஆளாக நிற்பது ஒரு சுவையான தற்செயல்.

இந்தத் தொடரைப் பட்டத்தை மட்டும் வைத்துக்கொண்டு தொடுத்திருக்க முடியுமா என்று சோதிக்க வேண்டும். விடேல்விடுகு என்பது பல்லவரிடமிருந்து வந்த விருது. பல்லவ அரசனின் விருதைக் கீழ்நிலைத் தலைவன் தன் பெயரோடு சேர்த்துக்கொள்வது அக்கால வழக்கம். தந்தை தாங்கிய பட்டத்தை மகனோ உறவினனோ பிறகு தாங்குவதும் வழக்கமே. தந்திவர்மனின் 16ஆம் ஆண்டுக்கும் நிருபதுங்கனின் 7ஆம் ஆண்டுக்கும் இடையே அரை நூற்றாண்டுக்கு மேல் ஓடிவிட்டது. இரண்டு ஊர்களிலும் வரும் விடேல்விடுகு முத்தரையன் ஒரே ஆள் என்று நாம் நம்புவதற்கு உண்மையான ஆதாரம் அந்தப் பட்டம் அல்ல. பழியிலியின் பெயருக்கு முன்னால் ஒட்டியிருக்கும் 'சாத்தன்' என்ற சொல். பட்டம் ஐயத்தைக் கிளப்ப, தந்தை பெயர் அதை ஓரளவு தீர்க்கிறது. சிறியநங்கையைச் சுட்டும் முறையும் கவனத்துக்குரியது. அவளுடைய பெயருக்குள் தந்தை இருக்கிறான், கணவன் பெயருக்கு வெளியே உறவுச்சொல்லால் இணைக்கப்படுகிறான். திருமணம் அவள் பெயரை மாற்றவில்லை. கணவன் பெயரை ஒட்டிக்கொள்ளும் இன்றைய வழக்கத்தைப் பழமை என்று நினைப்பவர்கள் நார்த்தாமலைக்குப் போய்ப் பார்க்கலாம்.

அதே நார்த்தாமலையின் மேலமலையில் விசயாலய சோழீசுவரம் இருக்கிறது. கோயிலின் பெயர் தஞ்சைச் சோழ மரபைத் தொடங்கிவைத்த விசயாலயனைக் காட்டுகிறது. கோயிலைப் பற்றிய பழங்கல்வெட்டோ, இதை எடுப்பித்தவன் சாத்தன் பூதி ஆன இளங்கோவதியரையன் என்றும், மழையால் சிதைந்தபின் புதுக்கியவன் மல்லன் விடுமன் ஆன தென்னவன் தமிழதியரையன் என்றும் சொல்கிறது. விசயாலயன் அங்கே பேசப்படவில்லை. கோயில் பெயரைக் கட்டியவனின் கையொப்பமாகப் படித்ததால் இதை விசயாலயன் கட்டியதாகவே பலகாலம் எழுதினார்கள். அதைவிடச் சிக்கலானவன் சாத்தன் பூதி. 'சாத்தன்' என்ற முன்பாதியைப் பிடித்தால் முத்தரையர் பக்கம் போகிறோம். 'பூதி' என்ற பெயரையும் 'இளங்கோ' என்ற பட்டத்தையும் பிடித்தால் கொடும்பாளூர் வேளிர் பக்கம் இழுபடுகிறோம். முத்தரையன் என்பவர்களே மிகுதி. பட்டத்தைவிடத் தந்தை பெயருக்கு எடை தரும் என் முறைப்படியும் அதுவே சரி. மல்லன் விடுமனும் மல்லன் அனந்தனும் உடன்பிறந்தோராக இருக்கலாம். ஒரே தந்தை பெயர், ஒரே மலை, ஒரே பட்டத்தின் இரு வடிவங்கள். மீனவன், தென்னவன் இரண்டுமே பாண்டியனைச் சுட்டும் சொற்கள் என்பதால், அந்தப் பட்டங்களைக் கொண்டு மட்டும் இருவரையும் பிரித்தறிவது கடினம். சொந்தப் பெயர்கள் இல்லாதிருந்தால் இருவரையும் ஒருவராக்கி வரலாறு எழுதியிருப்போம்.

இடையில் நிற்கும் 'ஆன' என்ற சிறு சொல்லுக்கு உரிய மதிப்பு இன்னும் கிடைக்கவில்லை. சில இடங்களில் இயற்பெயர் முந்திப் பட்டம் பிந்துகிறது, சில இடங்களில் மறுதலை. தொல்காப்பிய வரிசையைக் கல்வெட்டுக்காரர்கள் கண்டிப்பாகப் பின்பற்றவில்லை. ஆனால் இரண்டையும் சும்மா அடுக்கிவிடாமல் 'ஆன', 'ஆகிய', 'ஆயின' என்று பாலம் போட்டிருக்கிறார்கள். இந்தப் பட்டக்காரரும் இந்தப் பெயர்க்காரரும் ஒருவரே என்ற முழு வாக்கியம் அந்த ஒரு சொல்லில் சுருங்கிக் கிடக்கிறது. ஃப்ரேகேயைத் தொந்தரவு செய்த அதே ஒருமைக் கூற்று இது. இருவரும் ஒருவரே என்பது எல்லாருக்கும் தெரிந்திருந்தால் அதைக் கல்லில் வெட்டக் கூலி கொடுத்திருக்க மாட்டார்கள். பட்டம் மட்டும் ஆளைச் சுட்டப் போதாது என்பது 9ஆம் நூற்றாண்டு எழுத்தனுக்கே தெரிந்திருந்தது.

அரசர்களிடம் இந்தப் பாலம் இல்லாமல் போனது. சோழர்கள் கோஇராசகேசரி, கோப்பரகேசரி என்ற இரு பட்டங்களை மாறி மாறிச் சூடினார்கள். 'கோப்பரகேசரிபன்மர்க்கு யாண்டு' என்று தொடங்கி எண்ணோடு நிறுத்திக்கொள்ளும் கல்வெட்டு, விசயாலயனுக்கும் பொருந்தும், முதல் பராந்தகனுக்கும் பொருந்தும், உத்தம சோழனுக்கும் பொருந்தும். தெளிவுக்காக வருணனை சேர்த்தார்கள். 'மதிரை கொண்ட' என்றால் முதல் பராந்தகன் (907–955) என்பதில் பெரும்பாலும் தகராறு இல்லை. 'வீரபாண்டியன் தலைகொண்ட' என்பதோ இரண்டாம் ஆதித்தனுக்கும் வருகிறது, பார்த்திவேந்திரவர்மனுக்கும் வருகிறது. அந்த வீரபாண்டியனே 'சோழன் தலைகொண்ட' என்று தன் பங்குக்குப் பட்டம் வைத்திருந்தவன். ஒரு செயல் ஒருவரால்தான் நடந்திருக்க முடியும், எனவே செயலைச் சொன்னால் ஆள் தெரிந்துவிடும் என்பது வருணனையின் நம்பிக்கை. புகழுக்குரிய செயலை ஒருவருக்கு மேற்பட்டோர் உரிமை கொண்டாடும் இடத்தில் அந்த நம்பிக்கை உடைகிறது.

கொடும்பாளூர் மூவர் கோயில் இதற்கு மிகச் சரியான சான்று. அங்குள்ள வடமொழிக் கல்வெட்டு இருக்குவேளிரின் வம்சத்தைத் தலைமுறை தலைமுறையாகச் சொல்கிறது. பரதுர்கமர்த்தனன், சமராபிராமன் என்று வரும் பெயர்களில் பல, பகைவர் கோட்டையை நொறுக்கியவன், போரில் அழகன் என்ற அளவிலான புகழ்மொழிகள். இவர்களைத் தமிழ்க் கல்வெட்டுகளில் வரும் ஆட்களோடு பொருத்த ஒரு பிடியும் கிடைப்பதில்லை. வரிசையின் இறுதியில் பூதி விக்கிரமகேசரி வருகிறான்; வீரபாண்டியனை வென்றவன், தன் பெயராலும் மனைவியர் கற்றளி, வரகுணை பெயராலும் மூன்று விமானம் எடுத்தவன். வென்றது எந்த வீரபாண்டியனை? நீலகண்ட சாஸ்திரியார் அவனைச் சுந்தரசோழன் காலப் பாண்டியனாகக் கொண்டு, கோயிலை 10ஆம் நூற்றாண்டின் பிற்பாதியில் வைத்தார். எஸ். ஆர். பாலசுப்ரமணியம் கட்டடக் கலைச் சான்றுகளைக் கொண்டு முதல் ஆதித்தன் காலத்துக்கு, அதாவது 9ஆம் நூற்றாண்டின் இறுதிக்குத் தள்ளினார். ஒரு கோயிலின் வயதில் முக்கால் நூற்றாண்டு வேறுபாடு. வாதம் கட்டடக் கலை பற்றியதுபோல் தோன்றினாலும், அடியில் கிடப்பது 'வீரபாண்டியன்' என்ற சொல் யாரைச் சுட்டுகிறது என்ற கேள்விதான். எந்தச் சோழ அரசனின் எத்தனையாவது ஆண்டு என்று மட்டும் அந்தக் கல்வெட்டு சொல்லியிருந்தால் இவ்வளவு மை செலவாகியிருக்காது.

பட்டங்கள் அக்காலத்தாருக்குத் தெளிவாகவே இருந்தன, நமக்குக் குழப்பமாக இருப்பது அவற்றின் குற்றம் ஆகாது என்று மறுக்கலாம். பாதி உண்மை. ஊரில் வாழ்ந்தவனுக்கு ஆளும் அரசன் யார் என்று தெரியும். ஆனால் கல்வெட்டு அக்காலத்தாருக்காக மட்டும் வெட்டப்படவில்லை. சந்திராதித்தர் உள்ளவரை இந்தத் தர்மம் நிற்க வேண்டும் என்று அதுவே சொல்கிறது, காப்பவர் பாதத்தைத் தலைமேல் தாங்குவதாகவும் சொல்கிறது. காப்பவரும் அழிப்பவரும் பின்னால் வரப்போகிறவர்கள். தன் நோக்கத்தைத் தானே அறிவித்த ஓர் ஆவணத்தை அந்த நோக்கத்தை வைத்து அளப்பது நியாயமே. சோழ அரசே இந்தக் குறையை உணர்ந்து திருத்திக்கொண்டது என்பதும் கண்கூடு. முதல் இராசராசன் (985–1014) காலத்திலிருந்து மெய்க்கீர்த்தி வருகிறது. ஒவ்வோர் அரசனுக்கும் தனித் தொடக்கம், வெற்றிகள் ஆண்டுக்கு ஆண்டு வரிசையாகச் சேர்ந்து நீளும் பட்டியல். பெயர் உடைந்து போன கல்லில்கூட மெய்க்கீர்த்தியின் முதல் சொற்கள் மிஞ்சினால் அரசனைச் சொல்லிவிடலாம். ஒற்றைச் செயலால் முடியாததைச் செயல்களின் வரிசை செய்தது.

தந்தை பெயரும் ஐயத்துக்கு அப்பாற்பட்டதல்ல என்ற மறுப்புக்கு வலு அதிகம். பாட்டன் பெயரைப் பேரனுக்கு இடும் வழக்கத்தால், பேரன் என்ற சொல்லே பெயரன் என்பதிலிருந்து வந்தது என்பர். அப்படி இட்டால் மூன்றாம் தலைமுறையில் அதே இரட்டைப் பெயர் திரும்பி வரும். சாத்தன் மகன் பூதிக்கு ஒரு சாத்தன் பிறந்து அவனுக்கு மீண்டும் ஒரு பூதி பிறந்தால் இரு சாத்தன் பூதிகள். இதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் இந்தக் குழப்பம் ஒரு குடும்பத்துக்குள் அடங்கியது. பட்டமோ குடியைத் தாண்டும், நாட்டைத் தாண்டும், அரசு மாறினால் எதிரியின் பட்டத்தையே கீழிறங்கியவன் சூடுவான். தந்தை பெயர் தவறினால் ஒரு தலைமுறையோ இரண்டோ பிசகுவோம், பட்டம் தவறினால் மரபே மாறிவிடும்.

ஆளுக்கு உண்டானது ஊருக்கும் உண்டானது. சோழர் காலத்தில் நார்த்தாமலை நகரத்துக்குத் தெலுங்ககுலகாலபுரம் என்று பெயர். சோழரின் விருதுப் பெயரால் அமைந்தது அது. இன்று அதைக் கல்வெட்டு படிப்போர் தவிர யாரும் அறியார். அண்ணல்வாயில் என்ற பழம்பெயரோ அன்னவாசலாகவும், சித்தன்னவாசலின் பின்பாதியாகவும் புழக்கத்தில் இருக்கிறது. வளநாடுகளின் பெயர்கள் அரசர்தோறும் மாறிக்கொண்டிருக்க, கூற்றங்களின் பெயர்கள் அசையாமல் நின்றன. குடுமியான்மலை இறைவனைப் பழங்கல்வெட்டுகள் திருநலக்குன்றமுடைய நாயனார் என்று மலையைக் கொண்டு சுட்டின. பின்னாளில் குடுமியார் என்ற பெயர் வந்து மலைக்கும் ஊருக்கும் அதுவே பெயராயிற்று. பெயர் முழுதும் மாறியும் சுட்டப்பட்டவர் மாறவில்லை. இங்கே தொடர்ச்சியைக் காத்தது பெயரின் பொருள் அல்ல, இடைவிடாத வழிபாடு.

கல்வெட்டு தன் இருப்பிடத்தையே சுட்டுக் கருவியாக்கிக்கொள்வதையும் சொல்ல வேண்டும். இவ்வூர், இக்கோயில், இத்தேவர், இக்குளம் என்று இகரச்சுட்டை அது தாராளமாகப் பயன்படுத்துகிறது. கொடை தந்தவர் தம் பெயரோடு 'ஏன்' என்ற தன்மை விகுதி சேர்த்துப் பேசுவதுண்டு. பேசுபவர் போய்விட்டாலும் கல் நகராமல் நிற்பதால் 'இ' என்பதற்குப் பொருள் இருந்துகொண்டே இருக்கிறது. நில எல்லைகளும் அப்படியே: இன்ன வாய்க்காலுக்குத் தெற்கு, இன்ன குளக்கரைக்கு மேற்கு என்று அருகிலுள்ளவற்றைச் சார்ந்தே ஒரு செய் தன் அடையாளத்தைப் பெறுகிறது. கல்லைப் பெயர்த்துவிட்டால் இந்த ஏற்பாடு முழுதும் சரிந்துவிடும். திருக்கோகர்ணத்தில் 1910இல் தொடங்கப்பட்ட அருங்காட்சியகத்துக்குக் கல்வெட்டுகள் கொண்டுவரப்பட்டபோது அவை பாதுகாப்புப் பெற்றன. ஆனால் அங்கே நிற்கும் ஒரு கல் சொல்லும் 'இவ்வூர்' திருக்கோகர்ணம் ஆகாது. கண்டெடுத்த இடத்தைப் பதிவேட்டில் எழுதி வைப்பது நிர்வாகச் சடங்கன்று. அந்த ஒரு வரிதான் கல்லின் சுட்டெழுத்துக்கு உயிர்.

பட்டத்தின் இந்த இயல்பு தொண்டைமான்கள் காலத்திலும் மாறவில்லை. 1686 முதல் 1948 வரை ஆண்ட அந்த மரபில் ரகுநாதர், விஜய ரகுநாதர், ராய ரகுநாதர் என்று ஒரே சொற்கள் இடம் மாறி அடுக்கப்படுகின்றன. ஆங்கிலேயர் கடிதங்கள் ஒருபடி மேலே போய், அந்தந்த நேரத்தில் ஆள்பவர் எவரோ அவரை வெறுமனே 'தொண்டைமான்' என்றன. கடிதத்தின் தேதி கிழிந்தால் ஆளும் போய்விடுவார். புதுக்கோட்டை அம்மன் காசின் ஒரு பக்கம் பிரகதாம்பாள், மறுபக்கம் தெலுங்கு எழுத்தில் 'விஜய' என்ற ஒரே சொல். அது ஒரு வெற்றியைக் குறிக்கிறது என்பாரும், விஜய ரகுநாதர் என்ற அரசர் பெயரின் சுருக்கம் என்பாரும் உண்டு. அரசர் பெயர்தான் என்று முடிவு செய்தாலும் அந்தப் பெயருடையவர் ஒருவர் அல்லர். அந்தக் காசு யாரையும் தனித்துச் சுட்டவே எண்ணவில்லை என்றே நான் கருதுகிறேன். எந்த அரசர் வந்தாலும் அச்சை மாற்றாமல் அடிக்கலாம் என்பது ஒரு நாணயச் சாலைக்கு வசதிதானே.

புதுக்கோட்டை சமஸ்தானம் 1929இலேயே ஆயிரத்துக்கும் மேற்பட்ட தன் கல்வெட்டுகளை அரச மரபு வாரியாகத் தொகுத்து அச்சிட்டது. பெரிய பணி அது. ஆனால் மரபு வாரியான வைப்புமுறை, பட்டத்தை முதல் அடையாளமாக ஏற்றுக்கொண்டது. கராஷிமா, சுப்பராயலு, மாட்சுய் மூவரும் 1978இல் வெளியிட்ட சோழர் கல்வெட்டுப் பெயர்த் தொகுதி, பெயரைக் கூறுகளாகப் பிரித்துப் பார்த்தால் எவ்வளவு தெரியவரும் என்பதை நிறுவியது. ஊரோடு சேரும் 'உடையான்' நில உடைமையையும், 'மூவேந்தவேளான்' அரசு தந்த தகுதியையும் காட்டுவது அப்படித்தான் தெளிவாயிற்று. அந்த முறை புதுக்கோட்டையின் முத்தரையர், இருக்குவேள், பாண்டியர், விசயநகரக் கல்வெட்டுகளுக்கும் நீள வேண்டும். இனி இந்தக் கல்வெட்டுகளுக்குப் பெயரடைவு செய்பவர்கள் தந்தை பெயர், சொந்தப் பெயர், ஊர், பட்டம் ஆகியவற்றைத் தனித்தனிப் பத்தியில் பதிய வேண்டும். இரண்டு கல்வெட்டுகளில் பட்டம் மட்டும் ஒத்து வந்தால் இருவரையும் ஒருவர் என்று எழுதிவிடக் கூடாது.